அணைச் சுவரில் ஏறிய மீன்கள்

மந்திரியைப் பிடிக்கப் போய் மீனைப் பிடித்துக்கொண்டு வந்தவர் என் அண்ணி. எங்கள் வீட்டில் இதைச் சொல்லிச் சிரிக்காதவர்கள் கிடையாது. அன்றைக்கு அவர் வேலை போகாமல் தப்பியதே பெரிய விஷயம்.

அப்போது அவர் எனக்கு அண்ணி ஆகியிருக்கவில்லை. ஒரு செய்தித் தொலைக்காட்சியில் தோளில் கேமரா தூக்கும் ஒரே பெண். நான் அதே கட்டடத்தின் பின்பக்கம், ஜன்னல் இல்லாத எடிட்டிங் அறையில் உட்கார்ந்திருந்தவள். வெளியே மழையா வெயிலா என்பதை உள்ளே வருகிறவர்களின் சட்டையைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்வேன். அன்று அவர் தலை முதல் கால் வரை நனைந்து வந்தார். முழங்கால் வரை சேறு. கேசட்டை என் மேசையில் வைத்துவிட்டு, "இதை முதல்ல நீ பாரு. அப்புறம் என்னைத் திட்டு," என்றார்.

அணைக்கட்டில் புது மதகுகளைத் திறந்துவைக்க மந்திரி வந்திருந்தார். மேடைக்கு முன்னால் தள்ளுமுள்ளு. நிற்க இடம் கிடைக்காமல் இவர் கீழே ஆற்றுக்குள் இறங்கியிருக்கிறார், அங்கிருந்து அணையையும் மேடையையும் சேர்த்துப் பெரிதாக எடுக்கலாம் என்று. தூறல் விழுந்துகொண்டிருந்தது. கேமராவைச் சுவரின் அடியிலிருந்து மெல்ல மேலே உயர்த்தியபோது, சுவர் அசைந்தது.

"எனக்குத்தான் தலை சுத்துதோன்னு நினைச்சேன்," என்றார்.

நான் கேசட்டை ஓட்டினேன். கசிவுநீர் வழிந்து கறுத்துப்போன சிமெண்டுப் பட்டை ஒன்று. லென்ஸ் நெருங்க நெருங்க அந்தக் கறுப்பு பிரிந்து இழை இழையானது. ஒவ்வோர் இழைக்கும் தலை இருந்தது. தலையில் இரண்டு புள்ளிக் கண்கள். விரல் நீளம்கூட இல்லாத மீன்கள். செங்குத்தான சுவரில் வயிற்றை ஒட்டிக்கொண்டு, வாலை நெளித்து, கொஞ்சம் ஏறி, அப்படியே ஒட்டியபடி இளைப்பாறி, மறுபடி ஏறின. சில வழுக்கி விழுந்தன. விழுந்தவை அடியிலிருந்து மறுபடி தொடங்கின. மேலே எங்கோ கைதட்டல் கேட்டது, ஒலிபெருக்கியில் யாரோ நன்றி சொன்னார்கள். கேமரா அந்தப் பக்கம் திரும்பவே இல்லை.

செய்தி ஆசிரியர் வந்து எனக்குப் பின்னால் நின்றார்.

"மந்திரி எங்கம்மா?"

"மேலே இருந்தார் சார்."

"அது ஊருக்கே தெரியும். கேசட்ல எங்க?"

"சார்... மீனு சுவர் ஏறிச்சு சார்."

"ரிப்பனை மீனா வெட்டிச்சு?"

அறை முழுக்கச் சிரிப்பு. அன்றிலிருந்து அலுவலகத்தில் அவர் பெயர் மீன்காரி. கேமராவைப் பிடுங்கிக்கொண்டு, பழைய கேசட்டுகள் அடுக்கிவைத்திருக்கும் அறையில் தூசி தட்ட உட்கார வைத்தார்கள். அந்தக் கேசட்டை அழித்துவிடச் சொன்னார்கள். எனக்குக் கை வரவில்லை. ஒரு பழைய கால்பந்தாட்டக் கேசட்டை அழித்துக் கணக்கைச் சரிக்கட்டினேன்.

மீன்காரி என் சிநேகிதி ஆனார். வீட்டுக்கு வரப்போக இருந்தார். என் அண்ணன் மருந்துக் கடை வைத்திருந்தான். சாந்தமானவன், சுத்தக்காரன். நெளிவது, ஊர்வது, வழுவழுப்பது எதைக் கண்டாலும் நாற்காலி மேல் ஏறிவிடுவான். அவனுக்கு இவரைப் பிடித்துப்போனதை விதி என்பதா, வினை என்பதா தெரியவில்லை. கல்யாணமான கொஞ்ச நாளில் அண்ணி செய்தி வேலையை விட்டார். தன் சேமிப்பில் ஒரு பழைய கேமராவும், மிக நெருங்கி எடுக்கிற லென்ஸ் ஒன்றும் வாங்கினார். காட்டுக்குப் போக வசதி இல்லை. குளியலறைக்குப் போனார்.

குளியலறை மூலையில் ஒரு சிலந்தி முட்டைப் பையைச் சுமந்துகொண்டு நின்றது. அதன் எதிரே முக்காலியும் விளக்கும் கூடாரம் போட்டன. மற்ற மூன்று பேருக்கும் அந்த அறை பாதிதான் சொந்தம்.

"நான் குளிக்கலாமா?" என்று அண்ணன் வாசலில் துண்டோடு நின்று கேட்பான்.

"மெதுவாக் குளிங்க. வெந்நீர் வேண்டாம், லென்ஸ்ல ஆவி படியும்."

"இந்தக் குளிர்லயா?"

"அது முட்டையைத் தூக்கிக்கிட்டுச் சாப்பிடாமக் கொள்ளாம நிக்குதுங்க. நீங்க பச்சைத்தண்ணியில நிக்க மாட்டீங்களா?"

குஞ்சுகள் பொரிந்த காலை எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. அண்ணி கூப்பிட்ட குரலில் வீடு தீப்பிடித்து எரிகிறதோ என்று ஓடினோம். கடுகை விடச் சிறிய உயிர்கள் பையைக் கிழித்துக்கொண்டு வெளியே கொட்டின. தாய்ச் சிலந்தி நகரவில்லை. அவை அதன் கால்கள் மேலேயே ஏறி நின்று உலகத்தைப் பார்த்தன. மருமகளின் வேலையை அதுவரை 'கூத்து' என்றே சொல்லிக்கொண்டிருந்த என் அம்மா, அன்று ஈரத் தரையில் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். "இத்தனையையும் ஒருத்தியா சுமந்தா?" என்று கேட்டாள்.

அந்தச் சிலந்தியைக் காட்டித்தான் அவருக்கு முதல் வாய்ப்பு கிடைத்தது. பிறகு பல வருடங்கள் அடுத்தவர் படங்களுக்குக் கேமரா. பேட்டரி சுமந்தார், சதுப்பில் மரப்பலகை போட்டுக் குப்புறப் படுத்தார், பாறை இடுக்கில் கண்கொத்திப் பாம்பாகக் கழுகுக்கூட்டைக் காத்துக் கிடந்தார். வீடு திரும்பினால் முதுகில் பூச்சிக்கடித் தடிப்புகள் வரைபடம்போல் இருக்கும். அண்ணன் கடையிலிருந்து களிம்பு கொண்டுவந்து ஒவ்வொன்றுக்கும் தடவுவான். "இது எந்த ஊரு? இது எந்த ஊரு?" என்று கேட்டுக்கொண்டே தடவுவான்.

அவரே இயக்கிய முதல் படம் நகரத்துக் காகங்களைப் பற்றியது. கம்பியும் ஆணியும் கொண்டு அவை கூடு கட்டுவதை, எங்கள் தெருவிலேயே, எதிர்வீட்டு மொட்டைமாடியில் இருந்து எடுத்தார். நான்தான் எடிட்டிங். வீட்டில் எல்லோரையும் உட்காரவைத்துப் போட்டுக் காட்டியபோது, காகம் ஒரு நீலக் கம்பி ஹேங்கரைக் கூட்டில் செருகும் இடத்தில் அம்மா எழுந்து நின்றுவிட்டாள்.

"அடியே, அது என் ஹேங்கர்! நான் வேலைக்காரியைச் சந்தேகப்பட்டேனே!"

"அத்தை, உக்காருங்க. இன்னும் நாலு ஹேங்கர் வருது," என்றார் அண்ணி.

இதற்கு நடுவில் அண்ணிக்கு ஒரு மகள் பிறந்து வளர்ந்தாள். தாய் ஊரில் இல்லாத நாட்கள் அவளுக்குப் பழகிப்போயின என்று நாங்கள் நினைத்துக்கொண்டிருந்தோம். ஒரு மாலை, அண்ணி எறும்புப் புற்றின் காட்சிகளைத் திரையில் ஓட்டிக்கொண்டிருக்க, அவள் பின்னால் நின்று பார்த்தாள்.

"இதை எவ்ளோ நேரம் பார்த்தே?"

"நாள் கணக்கா."

"என்னை அவ்ளோ நேரம் பார்த்திருக்கியாம்மா?"

அவள் கோபமாகக் கேட்கவில்லை. கணக்குப் பாடத்தில் சந்தேகம் கேட்பதுபோலக் கேட்டாள். மறுநாள் ஒரு படப்பிடிப்பைத் தள்ளிவைத்துவிட்டு, காலையிலிருந்து மகள் எதிரே உட்கார்ந்தார். அவள் பல் தேய்ப்பதை, சட்டையைத் திருப்பிப் போட்டுக்கொள்வதை, பென்சில் முனையைக் கடிப்பதைப் பார்த்தார். மத்தியானத்துக்குள் மகள் கெஞ்சத் தொடங்கிவிட்டாள். "போதும்மா, கூச்சமா இருக்கு. போய் எறும்பைப் பாரு." அண்ணி போகவில்லை. பிறகு என்னிடம் மட்டும் சொன்னார்: "அவ யோசிக்கும்போது இடது கால் கட்டைவிரல் மட்டும் ஆடுது தெரியுமா? இத்தனை வருஷம் எனக்குத் தெரியாமப் போச்சு." சொல்லும்போது அவர் முகம், சிலந்தி பொரிந்த அன்றைக்கு இருந்ததைப் போலவே இருந்தது.

அணைச் சுவரில் ஏறியவை விலாங்குக் குஞ்சுகள். அவற்றைப் பற்றிய படத்தை எடுக்க அவருக்கு நடுவயது தாண்ட வேண்டியிருந்தது. தயாரிப்பு நிறுவனத்தின் தலைவி ஒரு கெட்டிக்காரி. யார் என்ன சொன்னாலும் கைக்கடிகாரத்தைப் பார்த்தபடியே கேட்பவர்.

"விலாங்கா? பாம்புக்குத் தலையும் மீனுக்கு வாலும் காட்டுமே, அதுவா? அதை யாரு உக்காந்து பார்ப்பாங்க?"

அண்ணி வாதாடவில்லை. நான் காப்பாற்றிவைத்த அந்தப் பழைய காட்சியை ஓட்டினார். நிறம் மங்கிப்போயிருந்தது. ஓடி முடிந்ததும் தலைவி கடிகாரத்தைப் பார்க்க மறந்து, "எதுக்கு ஏறுதுங்க?" என்று கேட்டார்.

அதற்கு அண்ணி சொன்ன பதிலைக் கேட்டுத்தான் எனக்கும் முழுக்கதை தெரிந்தது. விலாங்கு பிறப்பது ஆழ்கடலில். அங்கே அவை இணைந்து முட்டையிடுவதை இதுவரை எந்த மனிதக் கண்ணும் பார்த்ததில்லையாம். குஞ்சு ஓர் இலைபோல நீரோட்டத்தில் மிதந்து, கரை நெருங்கும்போது கண்ணாடி ஊசியாக மாறி, ஆற்றின் வாயில் நுழைகிறது. எதிர்நீச்சல் போட்டு மேலே போகிறது. வழியில் பாறை வந்தால் பாறை, சுவர் வந்தால் சுவர். எங்கோ உள்நாட்டுக் குட்டையில் பல வருடங்கள் வாழ்கிறது. பிறகு ஒருநாள் அதன் உடம்பு வெள்ளியாகிறது, கண்கள் பெரிதாகின்றன, குடல் சுருங்குகிறது. இனி அதற்குச் சாப்பாடு வேண்டாம். வந்த வழியே கடலுக்குத் திரும்புகிறது.

"யாரு சொல்லிக் குடுத்தது அதுக்கு?" என்றார் தலைவி.

"அதைத்தான் நானும் கேட்டுக்கிட்டே இருக்கேன் மேடம்."

படம் தொடங்கியது. ஆற்றின் வாயில் எடுத்த காட்சிகள் முதலில் வந்தன. அண்ணி ஒரு கண்ணாடிக் குஞ்சைச் சின்னக் கிண்ணத்தில் விட்டு அடியில் செய்தித்தாளை வைத்திருந்தார்; அதன் உடம்பு வழியாக எழுத்துக்களைப் படிக்க முடிந்தது. இதயம் சிவப்புப் புள்ளியாகத் துடித்தது. என் இருட்டறையில் அந்தத் துளி இதயத்தைத் திரை முழுக்கப் பெரிதாக்கிப் பார்த்துவிட்டு, வெட்ட வேண்டிய இடத்தை மறந்து உட்கார்ந்திருந்தேன்.

மீதி இருந்தது சுவர்தான். அடியிலிருந்து உச்சி வரை ஒரு மீன் ஏறி முடிப்பதை எடுக்க வேண்டும். பருவம் வந்தது. அண்ணி அணைக்குக் கீழே முகாம் போட்டார். முதல் நாள் காட்சிகள் எனக்கு வந்தபோது இயந்திரத்தில் ஏதோ கோளாறு என்று நினைத்தேன். சுவர் வெள்ளையாக இருந்தது. கசிவை நிறுத்த அணை முழுவதும் புதிதாக வழுவழுவென்று பூசியிருந்தார்கள். மீன்குஞ்சுகள் வந்து, முட்டி, ஒட்ட முயன்று, வழுக்கி விழுந்தன. மறுபடி முட்டின. அடுத்த நாள் இன்னும் வந்தன. சுவரின் அடியில் நீர் தெரியாத அளவுக்கு அவை ஒன்றன்மேல் ஒன்றாகக் குவிந்து நெளிந்தன. கொக்குகளும் காகங்களும் நடந்து நடந்து தின்றன. தின்று களைத்த கொக்கு ஒன்று, மூக்கருகே மீன் துள்ளியும் குனியாமல் நின்றது.

அத்தனையையும் அண்ணி கை நடுங்காமல் எடுத்திருந்தார். அதைப்போன்ற காட்சி என் அனுபவத்தில் வந்ததில்லை. தலைவி வந்து பார்த்துவிட்டு மெதுவாகச் சொன்னார்: "இதுதான் படம். இதோட முடிச்சிடலாம். எல்லாரும் அழுவாங்க."

அன்று மத்தியானம் அண்ணி வீட்டுக்கு ஃபோன் செய்தார். எடுத்தது அண்ணன்.

"கயிறு வேணும்."

"என்ன கயிறு?"

"கப்பல்ல கட்டுற மாதிரி தடிமனா, பிசிறு பிசிறா. எவ்ளோ கிடைக்குதோ அவ்ளோ."

எதற்கு என்று அண்ணன் கேட்கவில்லை. கடையைப் பூட்டிவிட்டுத் துறைமுகத்துப் பக்கம் போனான். பழைய கயிற்றுச் சுருள்களைக் காரின் பின்னிருக்கை முழுக்கத் திணித்துக்கொண்டு வந்தான். காரில் மீன்வாடையும் தாரும் கலந்து அடித்தது. நானும் ஏறிக்கொண்டேன். இத்தனை வருடம் எல்லாவற்றையும் திரையிலேயே பார்த்தவள், முதல் தடவையாகப் படம் எடுக்கும் இடத்துக்குப் போனேன்.

அணைப் பொறியாளர் மரியாதையான மனிதர். முகத்தில் மட்டும் கவலை.

"பூச்சுல ஒரு ஆணி இறங்கக்கூடாதும்மா. என் பேர்ல எழுதிடுவாங்க."

"ஆணியே வேண்டாம் சார். மேலே கைப்பிடிக் கம்பியில கட்டித் தொங்கவிட்டுக்கறோம். கயிறு நனைஞ்சுக்கிட்டே இருக்கணும், அவ்ளோதான்."

"மீன் கயிறு ஏறுமா?"

"தெரியாது சார்."

அந்த 'தெரியாது' அவரை அசைத்திருக்க வேண்டும். பம்ப் அறையிலிருந்து ஒரு ரப்பர் குழாயை இழுத்துக்கொண்டு அவரே வந்தார்.

கயிறுகளைக் கட்டிக்கொண்டிருக்கும்போது தலைவி ஃபோனில் வந்தார். சத்தம் எனக்கே கேட்டது. "நீ டைரக்டரா, தீயணைப்புப் படையா? நாம பார்க்க வந்தவங்க. கை வைக்கக்கூடாதுன்னு நீதானே எல்லாருக்கும் பாடம் எடுப்பே?"

அண்ணி ஃபோனைத் தோளுக்கும் காதுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டு முடிச்சை இறுக்கினார். "ஆமா மேடம். கொக்கு மீனைத் தின்னா நான் கை வைக்க மாட்டேன். பருந்து கொக்குக் குஞ்சைத் தூக்கினாலும் கை வைக்க மாட்டேன். ஆனா இந்தப் பூச்சைக் கொக்கா பூசிச்சு?"

கயிறுகள் தொங்கின. மேலே குழாயைப் பிடிக்கும் வேலை அண்ணனுக்கு. கைப்பிடியில் சாய்ந்து, கீழே பார்க்காமல் வானத்தைப் பார்த்தபடி தண்ணீர் விட்டான். நானும் அண்ணியும் கீழே பாறையில் நின்றோம். மேகம் இறங்கி, பகலே மங்கலாக இருந்தது. குஞ்சுகள் கயிற்றைச் சீண்டவே இல்லை. பக்கத்திலேயே வெள்ளைச் சுவரில் முட்டி முட்டி விழுந்தன. பொறியாளர் ஒரு தடவை வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனார். மழை தொடங்கியது.

பிறகு ஒன்று, ஒரே ஒன்று, கயிற்றின் பிசிறுக்குள் தலையை நுழைத்தது. வெளியே வந்தது. மறுபடி நுழைத்தது. வால் மறைந்தது. அடுத்த பிசிறுக்கு மேலே தலை தெரிந்தது.

"அண்ணி, எடுக்கலையா?" என்றேன். கேமரா அவருக்குப் பக்கத்தில் அணைந்து கிடந்தது.

"இரு. ஒரு தடவை பார்த்துக்கறேன்."

அவர் கை என் முழங்கையைப் பிடித்திருந்தது. இறுக்கத்தில் எனக்கு வலித்தது, நான் விடுவித்துக்கொள்ளவில்லை. ஒன்றைத் தொடர்ந்து இன்னொன்று. பிறகு கயிற்றின் அடி கறுத்தது. கறுப்பு மேலே நகர்ந்தது. கயிறே தடித்து, உயிர் வந்து, தானே நெளிவதுபோல் ஆனது. ஒரு கயிறு, இரண்டு, எல்லாம். திரையில் நான் ஒருபோதும் கேட்டிராத சத்தம் ஒன்று வந்தது. ஆயிரமாயிரம் ஈர உடம்புகள் நாரில் உரசும் மெல்லிய சலசலப்பு, பட்டுப்புழு இலை தின்னும் ஓசை மாதிரி. கடலில் எங்கே பிறந்தோம் என்று யாருக்கும் சொல்லாத உயிர்கள், தாயை ஒருநாளும் பார்த்திராத உயிர்கள், போகும் இடத்தை முன்பின் கண்டிராதவை, எங்கள் கண்ணெதிரே மழைக்குள் ஏறிக்கொண்டிருந்தன. எதையாவது கும்பிடவேண்டும்போல் இருந்தது. எதை என்று தெரியவில்லை.

அண்ணி அப்போதுதான் கேமராவை எடுத்தார்.

மேலேயிருந்து அண்ணன் கத்தினான். "ஏறுதா?"

"ஏறுது!"

"நிறையவா?"

"நீங்களே திரும்பிப் பாருங்க!"

பிறகு குழாய்த் தண்ணீர் ஓரிடத்தில் நில்லாமல் தள்ளாடியது. அவன் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தான். முதல் குஞ்சு உச்சியைத் தாண்டி, மறுபக்கம் அசையாமல் கிடந்த பெரிய நீர்ப்பரப்பில் விழுந்தபோது எழுந்த வட்டத்தைப் பார்த்தவன் அவன் ஒருவன்தான். எங்கள் இருவருக்கும் அது தெரியவில்லை. அவன் அழுதானா, மழையா என்று நானும் கேட்கவில்லை.

படத்தில் கயிறு வரும் பகுதியை வைக்கலாமா கூடாதா என்று வாரக்கணக்கில் சண்டை. தலைவிக்கும் அண்ணிக்கும், அண்ணிக்கும் எனக்கும். தான் தெரியும் ஒவ்வொரு ஃப்ரேமையும் நீக்கச் சொன்னார் அண்ணி. கடைசியில் முடிச்சுப் போடும் கைகளை மட்டும் விட்டுவைத்தேன். படம் வெளியானதும், இயக்குநர் எல்லை மீறிவிட்டார் என்று சிலர் எழுதினார்கள். "எழுதட்டும், சரியாத்தான் சொல்றாங்க," என்றார் அவர். படம் முடிவதற்கு முன்பே பொறியாளர் மேலிடத்தோடு மல்லுக்கட்டி, சுவரோரம் சொரசொரப்பான சாய்வான கால்வாய் ஒன்றைக் கட்டவைத்தார். முதிர்ந்த மீன்கள் கடலுக்குத் திரும்பும் பருவத்தில் அவருடைய ஆட்கள் வலைபோட்டு அவற்றைப் பிடித்து, அணைக்குக் கீழே கொண்டுபோய் விடவும் ஏற்பாடு செய்தார்.

படத்தின் கடைசிக் காட்சி அங்கே எடுத்ததுதான். கை பருமன் உள்ள ஒரு வெள்ளி விலாங்கு. என் அண்ணன் மகளை விட அதற்கு வயது அதிகம் இருக்கும் என்றார்கள். ஈரத்துணியில் ஏந்தி ஆற்றின் விளிம்பில் வைக்கிறார்கள். ஆழ்கடல் இருட்டுக்காகப் பெருத்த கண்கள். அது நகராமல் கிடக்கிறது. பிறகு ஒரே நெளிவு, காணோம். வெறும் தண்ணீரை நான் வெகுநேரம் ஓடவிட்டேன். தலைவி குறைக்கச் சொல்லவில்லை.

அரங்கில் முதல் காட்சி முடிந்து விளக்கு எரிந்தபோது அம்மா எழுந்திருக்கவில்லை. அண்ணியின் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள்:

"அது கடலுக்குப் போய்ச் சேர்ந்துச்சாடி?"

"தெரியாது அத்தை."

"நீ பின்னாடியே போய்ப் பார்க்கலையா?"

"அங்கெல்லாம் யாரும் போக முடியாது அத்தை. யாருக்குமே தெரியாது."

"யாருக்குமேவா!" என்றாள் அம்மா. முகத்தில் ஏமாற்றம் இல்லை. கோயில் வாசலில் நிற்பவளைப்போல வாய் லேசாகத் திறந்திருக்க, பக்கத்து இருக்கைக்காரர்கள் கடந்துபோக முடியாமல் காத்து நிற்பதையும் கவனிக்காமல், அங்கேயே உட்கார்ந்திருந்தாள். நாங்கள் யாரும் அவளை எழுப்பவில்லை.